ஓநாய்க்கு அன்றிரவு என்ன சாப்பாடு?

2 மார்ச் 2024, காலை (ஒரு வாசகரின் கேள்வி)

இங்கிலாந்து, ஸ்காட்லாந்து, வேல்ஸ் நாடுகளின் பழங்கதைகளை இப்போது குழந்தைகளுக்குச் சொல்பவர்கள் எல்லோரும் அவற்றின் பல்லைப் பிடுங்கிவிட்டே சொல்கிறார்கள். மூன்று பன்றிக்குட்டிகளில் ஒன்றுகூடச் சாவதில்லை. ஓநாய் வாலைச் சுட்டுக்கொண்டு ஓடிப்போகிறது, அவ்வளவுதான். மூலக் கதை எப்படியோ அப்படியே சொல்ல வேண்டும், முடியாவிட்டால் சொல்லாமல் விட்டுவிட வேண்டும் என்பது என் கட்சி. இங்கே கதை சொல்லும் பழக்கமுள்ளவர்கள் என்ன சொல்கிறீர்கள்?

2 மார்ச், இரவு

நான் சொல்கிறவன்தான். இங்கிலாந்தின் கிழக்குப் பகுதியில் ஓர் ஊரில், சனிக்கிழமைத் தமிழ் வகுப்பு முடிந்தபின் அரை மணி நேரம் பிள்ளைகளுக்குக் கதை சொல்லும் வேலை சில ஆண்டுகளாக என் தலையில் விழுந்திருக்கிறது. பிள்ளைகள் இங்கேயே பிறந்தவர்கள். கதை பாதி தெரிந்ததாக இருந்தால் தமிழ் எளிதாகப் பிடிபடும் என்பதற்காகவே இந்த நாட்டுக் கதைகளைத் தமிழில் சொல்லத் தொடங்கினேன்.

பல்லைப் பிடுங்கிய குற்றத்தை நானும் செய்திருக்கிறேன். போன குளிர்காலத்தில் பன்றிக்குட்டிகளின் கதையைச் சொன்னபோது, வைக்கோல் வீட்டுக் குட்டியும் முள்செடி வீட்டுக் குட்டியும் தப்பி ஓடிச் செங்கல் வீட்டுக்குள் புகுந்துகொண்டதாகவும், ஓநாய் களைத்துப்போய்க் காட்டுக்குத் திரும்பியதாகவும் முடித்தேன். எல்லோரும் கைதட்டினார்கள். ஏழு வயதுப் பெண் ஒருத்தி மட்டும் பென்சிலின் பின்பக்கத்தைக் கடித்தபடி, "அப்ப ஓநாய் அண்டைக்கு இரவு என்ன சாப்பிட்டது, மாமா?" என்று கேட்டாள். பதில் சொல்ல எனக்கு வாய் வரவில்லை.

ஜோசப் ஜேக்கப்ஸ் 1890இல் வெளியிட்ட ஆங்கிலக் கதைத் தொகுப்பில் அவள் கேள்விக்கு நேரான பதில் இருக்கிறது. ஓநாய் முதல் இரண்டு குட்டிகளையும் தின்றுவிடுகிறது. புகைபோக்கி வழியாக இறங்கிய ஓநாயைக் கொதிக்கும் பானையில் பிடித்து, வேகவைத்து, மூன்றாவது குட்டி இரவுச் சாப்பாடாகத் தின்கிறது. வரவும் செலவும் நேராகிவிட்டன.

ஆனால் இரண்டு குட்டிகளின் சாவைவிடப் பெரிய இழப்பு ஒன்றைப் பற்றி யாரும் புலம்புவதில்லை. ஊதித் தள்ள முடியாத வீட்டின்முன் நின்ற ஓநாய், நாளைக் காலை ஆறு மணிக்கு டர்னிப் கிழங்கு பிடுங்கப் போகலாம் வா என்று நயமாக அழைக்கிறது. பன்றி ஐந்து மணிக்கே போய்க் கிழங்கோடு வந்து உலையும் வைத்துவிடுகிறது. அடுத்த நாள் ஐந்து மணிக்கு ஆப்பிள் பறிக்க அழைப்பு. பன்றி நான்குக்கே போகிறது. மரத்தின் மேல் இருக்கும்போது ஓநாய் வந்துவிட, ஓர் ஆப்பிளைத் தூர எறிந்து, அதை எடுக்க ஓநாய் ஓடும் நேரத்தில் குதித்துத் தப்பிக்கிறது. மூன்றாவது நாள் வைட் தீவிலுள்ள ஷாங்க்ளின் சந்தை: அங்கே வாங்கிய வெண்ணெய் கடையும் பீப்பாய்க்குள் புகுந்து, மலைச்சரிவில் உருண்டு வந்து ஓநாயையே மிரட்டி ஓட்டுகிறது. கதையின் மூளை இருப்பது இந்தப் பகுதியில். சித்திரப் படங்களில் வீடு ஊதுவது மட்டும் மிஞ்சி, மூளை போய்விட்டது.

3 மார்ச்

ஒரு நண்பர், இதை முதலில் மென்மையாக்கியது யார் என்று கேட்டிருக்கிறார். டிஸ்னிதான், 1933ஆம் ஆண்டுக் குறும்படம்.

3 மார்ச், சற்று நேரம் கழித்து

அவசரப்பட்டுவிட்டேன், மேலே எழுதியதைத் திருத்திப் படியுங்கள். ஆண்ட்ரூ லாங் 1892இல் கொண்டுவந்த பச்சை அட்டைத் தொகுப்பில் இருக்கும் வடிவத்தில் ஓநாய்க்குப் பதில் நரி வருகிறது. அது இரண்டு குட்டிகளையும் தின்னாமல் தன் வளைக்குத் தூக்கிக்கொண்டு போகிறது, மூன்றாவது குட்டி பிற்பாடு அவற்றை மீட்கிறது. ஜேக்கப்ஸின் புத்தகம் வந்து இரண்டே ஆண்டுகளில் பல் பிடுங்கிய வடிவமும் கடைக்கு வந்துவிட்டது. ஆகவே, அந்தக் காலத்தார் எல்லாவற்றையும் பச்சையாகச் சொன்னார்கள், நாம்தான் கெடுத்தோம் என்ற வாதம் நிற்காது. நேற்றுவரை நானும் அதைத்தான் சொல்லிக்கொண்டிருந்தேன்.

6 மார்ச்

கேள்வி கேட்டவர் "மூலக் கதை" என்று எழுதியிருப்பதால் இதைச் சொல்கிறேன். மூன்று கரடிகளின் வீட்டுக்குள் நுழைந்து கஞ்சியைக் குடித்தது பொன்முடிச் சிறுமி (கோல்டிலாக்ஸ்) என்றுதானே நாம் எல்லோரும் நினைத்திருக்கிறோம்? கவிஞர் ராபர்ட் சௌதி 1837இல் அச்சிட்டபோது நுழைந்தவள் ஒரு கிழவி, அதுவும் நல்ல வாயாடிக் கிழவி. கரடிகளும் அப்பா, அம்மா, பிள்ளை என்ற குடும்பம் இல்லை. பெரிய கரடி, நடுத்தரக் கரடி, சின்னஞ்சிறு கரடி என்று சேர்ந்து வாழும் மூன்று பிரம்மசாரிகள் போலத்தான் தெரிகின்றன. பெரிய கரடி பேசுவதைப் பெரிய எழுத்திலும் சின்னக் கரடி பேசுவதைப் பொடி எழுத்திலும் அச்சிட்டிருந்தார்கள். வாய்விட்டுப் படிக்கிறவனுக்கு அதைவிடத் தெளிவான குறிப்பு தேவையில்லை.

1850இல் ஜோசப் கண்டல் என்பவர், கிழவிகளைப் பற்றிய கதைகள் ஏற்கெனவே ஏராளம் என்று காரணம் சொல்லி அவளைச் சிறுமியாக்கினார். அவள் வெள்ளிமுடியாக இருந்து பொன்முடியானதும், கரடிகளுக்குக் குடும்பம் அமைந்ததும் அதற்குப் பின்னால்தான்.

முடிவை எடுத்துக்கொள்ளுங்கள். சௌதியின் கிழவி சன்னலிலிருந்து குதிக்கிறாள். கழுத்து முறிந்ததோ, காட்டில் வழி தவறினாளோ, நாடோடி என்று காவலர் பிடித்துக்கொண்டு போனாரோ, தமக்குத் தெரியாது என்று ஆசிரியர் கையை விரித்துவிடுகிறார். பிள்ளைகளிடம் இதை அப்படியே சொன்னேன். பத்து நிமிடம் சண்டை போட்டார்கள். கழுத்து முறிந்தது என்பவர்களே பெரும்பான்மை.

7 மார்ச்

மறுபடியும் திருத்தம், பழக்கமாகிவிட்டது. நேற்று எழுதியதைப் படித்தால் சௌதியே கதையைத் தொடங்கிவைத்ததுபோல் தோன்றும். அவருக்கு ஆறு ஆண்டு முன்னதாக, 1831இல், எலினர் மூர் என்ற பெண்மணி தம் அக்காள் தங்கை வழிப் பிள்ளையின் பிறந்தநாளுக்காக இதே கதையைப் பாட்டாக எழுதி, படமும் வரைந்து, கையாலேயே புத்தகமாக்கிக் கொடுத்திருக்கிறார். அது இன்று கனடாவில் டொரன்டோ பொது நூலகத்தின் பழைய குழந்தைநூல் சேகரத்தில் இருக்கிறது. அதில் கரடிகள் கிழவியை நெருப்பில் போட்டுப் பார்த்து, தண்ணீரில் அமுக்கிப் பார்த்து, எதற்கும் மசியாததால் கடைசியில் லண்டன் புனித பவுல் தேவாலயக் கோபுரத்தின்மேல் எறிந்துவிடுகின்றன. நான்கு வயதுப் பிள்ளைக்குப் பிறந்தநாள் பரிசு! ஜேக்கப்ஸ் 1894இல் வெளியிட்ட இரண்டாம் தொகுதியிலோ கரடி வீட்டுக்குள் நுழைவது ஒரு நரி. இவற்றில் எதை மூலம் என்று வைத்துக்கொண்டு நான் சத்தியம் செய்வது?

10 மார்ச்

அப்படியானால் யாரும் எதையும் எப்படியும் மாற்றிக்கொள்ளலாமா என்று கேட்டிருக்கிறீர்கள். இல்லை. என்னை உறுத்தும் மாற்றம் ஒரு குறிப்பிட்ட வகை, அதற்கு ஜாக்கும் அவரைக் கொடியும் நல்ல சாட்சி.

ஜாக் மூன்று முறை கொடியேறிப் போய் அரக்கன் வீட்டில் திருடுகிறான்: முதலில் பொற்காசு மூட்டை, பிறகு பொன்முட்டையிடும் கோழி, பிறகு தானாகப் பாடும் யாழ். 1807இல் டாபர்ட் என்ற லண்டன் பதிப்பாளர் இதைக் குழந்தைகளுக்காக அச்சிட்டபோது அவருக்கு வயிற்றைக் கலக்கியிருக்க வேண்டும். கதைக்குள் ஒரு தேவதையைக் கொண்டுவந்து, அரக்கன் ஜாக்கின் தந்தையைக் கொன்று பறித்த சொத்துத்தான் அங்கே இருக்கிறது, ஆகவே எடுத்துக்கொள்வது நியாயம் என்று சொல்லவைத்தார். ஜாக்குக்காக வாதாட ஒரு வக்கீல் அம்மாள் என்று நான் அவளுக்குப் பெயர் வைத்திருக்கிறேன். ஜேக்கப்ஸ் பிறந்தது சிட்னியில், 1854இல். 1860 வாக்கில் சிறுவனாக ஆஸ்திரேலியாவில் தாம் கேட்ட கதையில் இந்தத் தேவதை இல்லை என்று குறிப்பெழுதி, குழந்தைகள்மேல் தமக்கு அதிக நம்பிக்கை உண்டு என்றும் சொல்லி, வக்கீலை வெளியே அனுப்பிவிட்டார். இங்கிலாந்தின் மிகப் புகழ்பெற்ற கதையின் நல்ல வடிவம் உலகத்தின் மறுகோடிக்குக் கப்பலேறிப் போய்த் திரும்பி வந்தது என்பதை நினைத்தால் எனக்கு வேடிக்கையாக இருக்கிறது.

இன்னும் மோசமான சம்பவம் 1853இல் நடந்தது. டிக்கன்ஸின் நாவலுக்கே படம் வரைந்த ஜார்ஜ் குரூக்ஷாங்க், மது ஒழிப்பில் தீவிரமாகி, பழங்கதைகளைத் திருத்தி எழுதத் தொடங்கினார். அவருடைய சிண்டிரெல்லா கல்யாணத்தில் விருந்தினருக்கு மது கிடையாது. அரண்மனையில் இருந்த மதுவையெல்லாம் குவித்துக் கொளுத்துகிறார்கள். அவர் இந்த வேலையைத் தொடங்கிய உடனேயே டிக்கன்ஸ் பொறுக்கமாட்டாமல், இது தேவதைகளுக்குச் செய்யும் மோசடி என்ற பொருளில் ஒரு கட்டுரை எழுதி, ஆளாளுக்குத் தம் கொள்கையைச் செருகினால் சிண்டிரெல்லா என்ன பாடுபடுவாள் என்று தாமே ஒரு கேலி வடிவம் எழுதிக் காட்டினார். மது ஒழிப்பில் எனக்கு எந்த மறுப்பும் கிடையாது, என் சொந்த ஊரில் அதற்கான தேவை நிறையவே உண்டு. ஆனால் கதை கேட்க உட்கார்ந்த பிள்ளையைக் கூட்டம் கேட்க வைப்பது அநியாயம்.

ஆக என் கட்சி இது: பெயரை மாற்றலாம், பேச்சு வழக்கை மாற்றலாம், கிழவியைச் சிறுமியாக்கலாம். நியாயம் கற்பிக்க ஒருவரையும் உள்ளே விடக்கூடாது.

10 மார்ச், பின்னிரவு

தூக்கம் வரவில்லை, ஜேக்கப்ஸைத் திரும்ப எடுத்தேன். இத்தனை முறை படித்தும் கண்ணில் படாத ஒன்று. முதல் இரண்டு முறையும் ஜாக்கை வீட்டுக்குள் விட்டவள் அரக்கனின் மனைவி. முதல்முறை அவனை அடுப்புக்குள் ஒளித்துவைத்தவளும் அவளே. மூன்றாம் முறை அவன் அவளுக்குத் தெரியாமல் நுழைந்து, துணி வெளுக்கும் செப்புக் கொப்பரைக்குள் ஒளிகிறான். அரக்கன் வாடை பிடித்தவுடன், காசையும் கோழியையும் திருடிய பயலாக இருந்தால் அடுப்புக்குள்தான் இருப்பான் என்று அவளே சொல்லி, கணவனோடு ஓடிப்போய்த் தேடுகிறாள். பசிக்குச் சோறு போட்டவள் ஏமாந்து மனம் மாறிவிட்டாள் என்பதை யாரும் விளக்கவில்லை. அவள் அடுப்பைத் திறப்பதிலேயே எல்லாம் இருக்கிறது. ஜாக் செய்தது சரியா என்று பிள்ளைகள் யோசிக்க வேண்டிய இடம் அது, வக்கீல் அம்மாள் வந்தால் முதலில் காணாமல் போகும் இடமும் அது. அரக்கன் விழுந்து செத்தபின் அவள் என்ன ஆனாள் என்று கதை சொல்வதில்லை.

12 மார்ச்

எல்லாவற்றையும் கூசாமல் சொல்லலாம் என்று நான் சொல்வதாக யாரும் எடுத்துக்கொள்ள வேண்டாம். நரித்துரை (மிஸ்டர் ஃபாக்ஸ்) என்ற ஆங்கிலக் கதையைச் சொல்லி நான் வாங்கிக் கட்டிக்கொண்டது உண்டு. மேரி என்ற பெண் தன்னை மணக்கப்போகும் அந்த நரித்துரையின் கோட்டைக்குத் தனியே போகிறாள். துணிந்து வா, ஆனால் அளவுக்கு மீறித் துணியாதே என்று வாசல்தோறும் எழுதியிருக்கிறது. ஓர் அறை நிறையப் பெண்களின் எலும்பு. அவள் ஒளிந்திருக்கும்போது அவன் இன்னொரு பெண்ணை இழுத்துவந்து மோதிரக் கையை வெட்ட, அது பறந்து மேரியின் மடியில் விழுகிறது. மறுநாள் எல்லோர் முன்பும் அவள் அதை ஒரு கனவுபோலச் சொல்லச் சொல்ல, அப்படி இல்லை, அப்படி இருந்ததும் இல்லை என்று அவன் மறுத்துக்கொண்டே வர, கடைசியில் அவள் அந்தக் கையை எடுத்து மேசைமேல் காட்டுகிறாள். ஷேக்ஸ்பியர் நாடகம் ஒன்றில் இந்த மறுப்பு வாசகத்தைப் பழங்கதை என்றே ஒரு பாத்திரம் குறிப்பிடுகிறது. அவர் காலத்திலேயே இது பழையது.

பெரிய பிள்ளைகளுக்கு என்றுதான் சொன்னேன். அவர்களுடைய தம்பி தங்கைகள் பின்வரிசையில் உட்கார்ந்திருந்ததைக் கவனிக்கவில்லை. நான்கு மணிக்கே இருட்டும் டிசம்பர் மாதம் வேறு. அந்த வாரம் மூன்று வீடுகளில் விளக்கை அணைக்க விடவில்லையாம். ஒரு தாயார் என்னிடம் நேரில் வந்து சொன்னது நியாயமாகவே இருந்தது. இந்த இடத்தில் கேள்வி கேட்டவரின் இரண்டாவது பாதியை ஏற்றுக்கொள்கிறேன்: அந்தக் கையை வெட்டாமல் இந்தக் கதையைச் சொல்ல முடியாது, அதனால் சிறியவர்களுக்குச் சொல்லாமல் விடுவதே சரி.

16 மார்ச்

இன்று ஜாக் கதையில் அரக்கன் உறுமும் அந்த ஃபீ, ஃபை, ஃபோ, ஃபம்முக்குத் தமிழ் கேட்டார்கள். தேடவே வேண்டியதில்லை, "நரவாடை வீசுதே" என்று நம் பாட்டிமார் கதை ராட்சசன் ஏற்கெனவே சொல்லிவைத்திருக்கிறான். ஆனால் அதையடுத்து அவன் சொல்லும் ஆங்கிலேயன் ரத்த வாடை என்பதை மட்டும் நான் விடவில்லை. ஷேக்ஸ்பியரின் லியர் நாடகத்தில் அது பிரிட்டிஷ்காரன் ரத்தமாக இருக்கிறது. எங்கள் வகுப்பில் ஒருவன் எழுந்து, "நான் இங்கதான் பிறந்தனான், என்னையும் மணக்குமோ?" என்று கேட்டான். மணக்கும் என்றேன். மிகவும் பெருமைப்பட்டுக்கொண்டான்.

19 மார்ச்

வேல்ஸ் பற்றி யாரும் பேசவில்லையே என்ற புகாருக்காக இது. வடக்கு வேல்ஸில் பெத்கெலர்ட் என்ற கிராமத்தில் ஒரு நாயின் கல்லறை இருக்கிறது. இளவரசர் லெவெலின் வேட்டையிலிருந்து திரும்பும்போது, வாயெல்லாம் ரத்தமாக அவருடைய நாய் கெலர்ட் எதிரே ஓடிவருகிறது. குழந்தையின் தொட்டில் கவிழ்ந்து கிடக்கிறது. நாயை வாளால் குத்திவிடுகிறார். பிறகுதான் தொட்டிலுக்கு அடியில் குழந்தை உயிரோடு இருப்பதும், பக்கத்தில் ஓநாய் செத்துக் கிடப்பதும் தெரிகின்றன. நான் அங்கே போயிருந்தபோது மரத்தடியில் நின்று ஒரு வயதான தம்பதி கண்ணைத் துடைத்துக்கொண்டிருந்தார்கள்.

பதினெட்டாம் நூற்றாண்டின் கடைசியில் டேவிட் பிரிச்சர்ட் என்ற விடுதிக்காரர் தென் வேல்ஸிலிருந்து அந்த ஊருக்கு வந்து, ஊர்ப் பெயரோடு கதையைப் பொருத்தி, பயணிகள் வரட்டும் என்று கல்லும் நட்டார் என்பது இன்று பரவலாகத் தெரிந்த செய்தி. கதையின் பூர்வீகம் எங்கே என்று சொல்லத் தேவையில்லை: பஞ்சதந்திரத்தில் குழந்தையைக் காத்த கீரிப்பிள்ளையைப் பார்ப்பனி அடித்துக் கொன்றாளே, அதே கதை. சிலப்பதிகாரத்தில் அடைக்கலக் காதை இதை "பிள்ளை நகுலம் பெரும்பிறி தாக" என்று ஒரே அடியில் தொட்டுவிட்டு, அந்தப் பெண்ணின் பாவம் தீரக் கோவலன் பொருள் கொடுத்ததைச் சொல்கிறது. ஜேக்கப்ஸும் 1892ஆம் ஆண்டுக் கெல்டியக் கதைத் தொகுப்பில் கெலர்ட்டைச் சேர்த்துக்கொண்டு, அது இந்தியாவிலிருந்து வந்த வழியைக் குறிப்பில் தேடிப் போகிறார்.

இதைப் பிள்ளைகளிடம் சொல்லலாமா என்று இரண்டு மனமாக இருந்தேன். கல்லறை பொய் என்றால் நாயும் பொய்யாகிவிடுமே. சொல்லிப் பார்த்தேன், கீரிக்கும் ஒரு கல்லறை கட்டவேண்டும் என்பதுதான் அவர்கள் தீர்மானம்.

23 மார்ச்

இந்த வாரம் சொன்னது டாம் டிட் டாட். சஃபோக் கதை, 1878இல் இப்ஸ்விச் ஊர்ச் செய்தித்தாளில் வட்டார வழக்கிலேயே அச்சாகி, நாட்டுப்புறக் கதை ஆய்வாளர் எட்வர்ட் கிளாட் கண்ணில் பட்டு வெளியுலகத்துக்கு வந்தது. எனக்கு இந்தத் தீவின் கதைகளிலேயே மிகப் பிடித்தது.

தாய் ஐந்து பை (உள்ளே பழமோ இறைச்சியோ வைத்து மாவால் மூடிச் சுடும் பண்டம்) சுடுகிறாள். மேலோடு காய்ந்து கெட்டியாகிவிடுகிறது. அலமாரியில் வை, அவை மறுபடி வரும் என்கிறாள் மகளிடம். சஃபோக் பேச்சில் அதற்குப் பொருள் மேலோடு இளகிப் பதமாகும் என்பது. மகளோ, தின்றாலும் திரும்பி வந்துவிடுமே என்று ஐந்தையும் தின்றுவிடுகிறாள். முதல் சிக்கல், பை என்று எழுதினால் துணிப்பையா என்று கேட்பார்கள். ஆகவே எழுத்தில் அப்பம், வாயால் சொல்லும்போது பை. இரண்டாவது சிக்கலான சொல்விளையாட்டுக்கு ஒரு வாரம் மண்டையை உடைத்துக்கொண்டேன். கடைசியில் என் மனைவி பிசைந்த மாவை மூடிவைத்துவிட்டு, "கொஞ்சம் விடுங்க, பதம் வந்துடும்" என்றாள். கையில் வெண்ணெயை வைத்துக்கொண்டு நெய்க்கு அலைந்திருக்கிறேன். "வையடி, தானாக வந்துவிடும்" என்றாள் தாய்; "வந்துவிடுமென்றால் இப்போதே தின்னலாம்" என்றாள் மகள். சஃபோக்கில் விழுந்த சிரிப்பு அதே இடத்தில் எங்கள் வகுப்பிலும் விழுந்தது.

தாய் வாசலில் உட்கார்ந்து, என் மகள் ஐந்து பை தின்றாள் என்று பாட, அந்த வழியாக வந்த அரசன் என்ன பாடினாய் என்று கேட்க, வெட்கப்பட்டு, ஐந்து சிட்டம் நூல் நூற்றாள் என்று மாற்றிவிடுகிறாள். அரசன் அவளை மணக்கிறான். பதினொரு மாதம் வேண்டியதெல்லாம் கிடைக்கும், பன்னிரண்டாம் மாதம் நாளுக்கு ஐந்து சிட்டம் நூற்க வேண்டும், தவறினால் தலை போகும். வாலைச் சுழற்றிக்கொண்டு ஒரு சின்னக் கறுப்பு உருவம் வந்து நூற்றுத் தருகிறது. மாத முடிவுக்குள் அதன் பெயரைக் கண்டுபிடிக்காவிட்டால் அவள் அதற்குச் சொந்தம். அது தன் பெயரைச் சொல்லித் தனக்குத்தானே பாடும் பாட்டை இப்படி அமைத்தேன்: "நிம்மி நிம்மி நாட்டு, என் பேரு டாம் டிட் டாட்டு." கடைசியில் உகரம் சேர்ந்ததும் வால் சுழல்வதுபோலவே இருந்தது.

கொல்லுவேன் என்ற அரசனைப் பற்றி நான் ஒரு வார்த்தையும் விளக்கவில்லை. இரவுச் சாப்பாட்டில் அவனே சிரித்துக்கொண்டு, காட்டில் ஒரு சுண்ணாம்புக் குழிக்குள் பார்த்த வேடிக்கை என்று அந்தப் பாட்டைச் சொல்லிவிடுகிறான். பெயர் தெரிந்ததும் அந்த உருவம் வீறிட்டு இருட்டுக்குள் ஓடிவிடுகிறது.

கதை முடிந்ததும், பென்சில் கடிக்கும் அதே பெண் கையைத் தூக்கினாள். "அடுத்த வருசம் பன்னிரண்டாம் மாசம் ஆர் நூற்கிறது, மாமா?"

தெரியாது என்றேன். அதற்குள் அவளுக்கு நூற்கக் கற்றுக்கொள்ளப் பதினொரு மாதம் இருக்கிறதே என்றான் ஒரு பையன். அம்மாவைக் கூப்பிட்டுப் பை சுடச் சொல்லி அரசனுக்குக் கொடுக்கலாம் என்றாள் இன்னொருத்தி. காத்திருந்த பெற்றோர் கதவைத் தட்டும்வரை அது ஓயவில்லை; குளிர்ச்சட்டையை மாட்டிக்கொண்டே, நிம்மி நிம்மி நாட்டு என்று கத்திக்கொண்டு வாகன நிறுத்தத்துக்கு ஓடினார்கள்.